நொக்ஸ் காணாத மக்கள்: ஊவாவில் படம் எடுக்கும் இளையோருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பி தங்கையருக்கு,

பதுளையிலும் பசறையிலும், பண்டாரவளை, அப்புத்தளை, லுணுகலை, மடூல்சீமைப் பக்கத்துத் தோட்டங்களிலும் கையில் ஒரு போனை வைத்துக்கொண்டு படம் எடுக்கத் தொடங்கியிருக்கும் உங்களுக்கு இதை எழுதுகிறேன். உயர்தரத்தில் தொடர்பாடலும் ஊடகக் கற்கையும் படிக்கிறவர்கள், கோயில் திருவிழாவுக்கும் கலியாணத்துக்கும் வீடியோ எடுக்கிறவர்கள், யூடியூப்பில் தோட்ட வாழ்க்கையைக் காட்டுகிறவர்கள், ஒரு குறும்படமாவது எடுத்துவிட வேண்டும் என்று நினைக்கிறவர்கள் எல்லோருக்கும் சேர்த்துத்தான். பேசில் ரைட் என்ற ஆங்கிலேய இயக்குநர் 1934இல் எடுத்த ‘சோங் ஒஃப் சிலோன்’ படத்தை நீங்கள் பார்க்க வேண்டும். சுமார் நாற்பது நிமிடப் படம். இணையத்தில் தேடினால் கிடைக்கும். உலக ஆவணப்பட வரலாற்றை எழுதுகிறவர்கள் யாரும் அதைத் தாண்டிப் போவதில்லை. உலகம் புகழ்கிறது என்பதற்காக நீங்கள் புகழ வேண்டாம், வெள்ளைக்காரன் எடுத்தது என்பதற்காக ஒதுக்கவும் வேண்டாம். அதில் நம் தோட்டத்து மக்கள் எங்கே நிற்கிறார்கள், எந்தக் காலத்தில் நிற்கிறார்கள், யாருடைய குரலுக்குக் கீழே நிற்கிறார்கள் என்று மட்டும் கவனியுங்கள். முகத்தை அழகாகக் காட்டிவிட்டால் ஒரு சமூகத்துக்கு நியாயம் செய்ததாகிவிடாது. குரலையும் காலத்தையும் யார் கையில் கொடுக்கிறோம் என்பதில்தான் அந்த நியாயம் இருக்கிறது. இதைச் சொல்ல ரைட்டின் படத்தைவிட நல்ல சான்று எனக்குத் தெரியவில்லை.

முதலில் அவரைப் பற்றி. பேசில் ரைட் 1907இல் வசதியான குடும்பத்தில் பிறந்து கேம்பிரிட்ஜில் படித்தவர். ஆவணப்படம் என்ற கலையைப் பிரித்தானியாவில் ஓர் இயக்கமாகவே வளர்த்த ஜோன் கிரியர்சன், 1930இல் எம்பயர் மார்க்கெட்டிங் போர்ட் என்ற அரசு அமைப்பின் படப்பிரிவுக்கு முதன்முதலாகச் சேர்த்துக்கொண்ட இளைஞர் இவர்தான். பேரரசின் நாடுகளில் விளையும் பொருட்களைப் பிரித்தானியர் வாங்கிப் பாவிக்கச் செய்வது அந்த அமைப்பின் வேலை. அதற்காகவே 1933இல் ரைட் மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போய் ‘விண்ட்மில் இன் பார்படோஸ்’, ‘கார்கோ ஃப்ரம் ஜமைக்கா’ என்ற சிறு படங்களை எடுத்தார். அடுத்த ஆண்டு இலங்கை. பிறகு 1936இல் ஹரி வொட்டுடன் சேர்ந்து ‘நைட் மெயில்’. 1937இல் ரியலிஸ்ட் என்ற சொந்தப் படப்பிரிவு. 1945இல் அரசின் கிரவுன் படப்பிரிவுக்குப் பொறுப்பு. 1953இல் யுனெஸ்கோவுக்காக போல் ரோத்தாவுடன் ‘வேர்ல்ட் வித்தவுட் எண்ட்’. 1974இல் திரைப்பட வரலாறு பற்றி ‘த லோங் வியூ’ என்ற பெரிய நூல். 1987இல் காலமானார். நீண்ட இந்தத் தொழில் வாழ்க்கையில், தான் எடுத்தவற்றுள் மனதார நேசித்த படம் இலங்கையில் எடுத்ததே என்று அவர் பிற்காலத்தில் சொன்னார். அதை நம்பலாம். படத்தைப் பார்த்தால் அந்த நேசம் தெரிகிறது. இந்த மடலுக்கு அதுவே முக்கியம்: நம் மக்களை அலட்சியமாகப் பார்த்த ஒருவர் எடுத்த படமாக இருந்தால் இத்தனை பக்கம் எழுத வேண்டியதில்லை. நேசித்துப் பார்த்த கண்ணிலும் நாம் எப்படித் தவறிப்போனோம் என்பதே ஆராய வேண்டிய விஷயம்.

அந்தப் படத்துக்குப் பணம் எங்கிருந்து வந்தது? உலகப் பொருளாதார மந்தத்தில் தேயிலை விலை விழுந்தது. 1932இல் சிலோன் டீ ப்ரொபகண்டா போர்ட் உருவாக்கப்பட்டது. ஏற்றுமதியாகும் தேயிலையின் மீது விதிக்கப்பட்ட தீர்வையே அதன் வருமானம். 1933இல் இந்தியா, இலங்கை, ஒல்லாந்தர் ஆண்ட கிழக்கிந்தியத் தீவுகள் மூன்றும் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்த உடன்பாடு செய்துகொண்டன. சந்தையில் தேயிலைக்குப் பெயர் எடுத்துக் கொடுக்க ஒரு படம் தேவைப்பட்டது. ரைட்டிடம் கேட்கப்பட்டவை நான்கு சிறு பயணப் படங்கள். அவர் அவற்றை நான்கு பாகம் கொண்ட ஒரே படமாக ஆக்கினார். இடையில் எம்பயர் மார்க்கெட்டிங் போர்ட் கலைக்கப்பட்டுவிட, தபால் திணைக்களத்தின் படப்பிரிவில் வேலை முடிந்தது. ஆக, அந்தப் படச்சுருளின் ஒவ்வோர் அடிக்கும் பெட்டியில் போன தேயிலைதான் விலை கொடுத்தது. அந்தத் தேயிலையைக் கிள்ளிய கைக்கு என்ன கிடைத்தது? 1927ஆம் ஆண்டுக் குறைந்தபட்சச் சம்பளச் சட்டத்தின்படி 1929இல் மலைநாட்டுத் தோட்டங்களில் நாளொன்றுக்கு ஆணுக்கு 54 சதம், பெண்ணுக்கு 43 சதம், பிள்ளைக்கு 32 சதம் என்று வைத்தார்கள். மந்தம் வந்ததும் அதையும் குறைத்தார்கள். ரைட் கெமராவோடு மலை ஏறிய 1934, அந்தக் குறைந்த சம்பளத்தின் காலம். படத்தில் இது இல்லை. இருக்கும் என்று எதிர்பார்க்கவும் முடியாது. ஆனால் பார்க்கிற நாம் இதை அறிந்துகொண்டுதான் பார்க்க வேண்டும்.

படத்தின் அமைப்புக்கு வருவோம். முதற்பாகத்தின் பெயர் புத்தர். இருளில் இலைகள், பேயாட்ட முகமூடிகள், பிறகு சிவனொளிபாதமலைக்கு ஏறும் யாத்திரிகர் கூட்டம், உச்சியிலே விடியல். இரண்டாம் பாகம் கன்னித் தீவு: வயல், மீன்பிடி, குயவர், நெசவு, சின்னப் பிள்ளைகளின் நடனப் பயிற்சி. மூன்றாம் பாகம் வணிகத்தின் குரல்கள். நான்காம் பாகம் கடவுளின் ஆடை: பொலன்னறுவைக் கல்விகாரை, ஒரு முதியவரின் வழிபாடு, கண்டி நடனம். நம் மக்கள் வருவது மூன்றாம் பாகத்தில். ரயில் மலையேறுகிறது, யானை ஒரு மரத்தை முட்டிச் சாய்க்கிறது, கொழுந்து எடுக்கும் பெண்கள் வரிசையாக நிற்கிறார்கள், ஸ்டோரில் தேயிலை வாடுகிறது, அரைபடுகிறது, பெட்டியில் அடைபடுகிறது, துறைமுகத்தில் கப்பல். இந்தப் படிமங்களுக்கு மேலே லண்டன் வியாபாரிகளின் ஆங்கிலக் குரல்கள் ஒன்றின்மேல் ஒன்று விழுகின்றன: சந்தை விலை, கப்பல் விவரம், வர்த்தகக் கடிதத்தின் சம்பிரதாய வார்த்தைகள். வோல்டர் லீ இசையமைத்தார். ஒலிக் கோப்பில் அல்பேர்ட்டோ கவல்கான்டியின் கை இருந்தது. ஒலியும் படமும் ஒன்றையொன்று விளக்காமல் ஒன்றோடொன்று மோத வேண்டும் என்ற எண்ணத்தை இவ்வளவு துணிவாகச் செய்து காட்டிய படங்கள் அந்தக் காலத்தில் மிகக் குறைவு. 1935இல் பிரசல்ஸ் திரைப்பட விழாவில் முதற்பரிசு கிடைத்தது சும்மா அல்ல. கொழுந்துக் கூடையின் பாரமும் தந்தி மொழியின் இலேசும் ஒரே நொடியில் மோதும்போது, விலையைப் பேசுகிறவன் யார், வேலை செய்கிறவள் யார் என்பது விளக்கவுரை இல்லாமலே விளங்குகிறது. அரசின் படப்பிரிவில் தேயிலைத் தீர்வைப் பணத்தில் எடுத்த படத்துக்குள் இந்த உண்மையைக் கொண்டுவந்து வைத்தது சாதாரண கெட்டித்தனம் அல்ல.

இருந்தும் ஒரு கேள்வி மிஞ்சுகிறது. மற்றப் பாகங்களில் ஒலிக்கும் விளக்கவுரை ரொபர்ட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்தது. நொக்ஸ் என்ற ஆங்கில மாலுமி 1660இல் கண்டி அரசனிடம் அகப்பட்டு, ஏறத்தாழ இருபது ஆண்டு இந்தத் தீவில் கைதியாக இருந்து, 1679இல் தப்பிப்போனவர். அவருடைய பழைய ஆங்கிலத்தைக் கொழும்பின் பறங்கிச் சமூகத்துக் கலைஞர் லயனல் வென்ட் வாசிக்கிறார். பிற்காலத்தில் உலகறிந்த புகைப்படக்காரரான அதே வென்ட். அவருடைய குரல் அபாரமான குரல், அதில் சந்தேகம் இல்லை. ஆனால் யோசித்துப் பாருங்கள்: நொக்ஸின் இலங்கையில் கோப்பித் தோட்டம் இல்லை, தேயிலைத் தோட்டம் இல்லை, லயம் இல்லை, நாம் இல்லை. ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் தேயிலையைப் பயிரிட்டது 1867இல். அதற்கும் முன் கோப்பிக்காக நம் முன்னோர் தலைமன்னாரில் இறங்கிக் காட்டுவழியே மாத்தளைக்கு நடந்தது பத்தொன்பதாம் நூற்றாண்டின் கதை. இருபதாம் நூற்றாண்டுத் தீவை பதினேழாம் நூற்றாண்டுக் குரலால் சொல்ல முடிவெடுத்த அந்த நொடியிலேயே, கொழுந்து எடுக்கிறவளுக்கு அந்தக் குரலுக்குள் இடமில்லாமல் போய்விட்டது. வயலில் நிற்கும் கமக்காரனைப் பற்றி நொக்ஸுக்குச் சொல்ல நிறைய இருக்கிறது. அவனுடைய மூதாதையரை அவர் கண்டிருக்கிறார். நம்மைப் பற்றிச் சொல்ல அவரிடம் ஒன்றும் இல்லை. ஆகவே படம் நம்மிடம் வந்ததும் நொக்ஸை விட்டுவிட்டு வியாபாரியின் குரலை எடுத்துக்கொள்கிறது. தீவின் பழைய ஆன்மா ஒரு பக்கம், அந்நிய வணிகம் மறுபக்கம் என்று படம் கோடு கிழிக்கும்போது, நாம் ரயிலோடும் சாயும் மரத்தோடும் கப்பலோடும் சேர்ந்து வணிகத்தின் பக்கம் விழுகிறோம். சுரண்டப்பட்டவர்கள் சுரண்டலின் ஒரு பாகமாகத் தெரிகிறார்கள். முதற்பாகத்தில் காட்டும் அதே மலையைச் சிவனொளிபாதம் என்று வணங்கி ஏறிய தோட்டத்து மனிதருக்கும் ஒரு வழிபாடு உண்டு, மாரியம்மன் உண்டு, காமன் கூத்து உண்டு, தப்பு மேளம் உண்டு என்பது அந்த அமைப்புக்குள் வர வழியே இல்லை. வணிகத்தின் பாகத்தில் நிற்கிறவர்களுக்குக் கடவுள் எதற்கு?

ஒரு படத்தின் அமைப்பைப் பிடித்துக்கொண்டு இவ்வளவு பேச வேண்டுமா என்று நீங்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். தோட்டத் தமிழரின் குடியுரிமையைப் பறித்த 1948ஆம் ஆண்டுச் சட்டத்தை ரைட் எழுதவில்லை. அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு யாரும் அதை எழுதவுமில்லை. படம் காரணம் என்று சொன்னால் அது பொய். ஆனால் இந்த மண்ணுக்கு உரியவர் யார், வியாபாரத்தோடு வந்து வியாபாரத்தோடு போக வேண்டியவர் யார் என்ற ஒரு கற்பனை, சட்டமாக வருவதற்கு முன்பே பாடப்புத்தகத்திலும் மேடைப் பேச்சிலும் படத்திலும் பழகிப்போய்விட்டது. 1931இல் எல்லோருக்கும் வாக்குரிமை என்று வந்தபோதே தோட்டத் தமிழருக்கு மட்டும் நிரந்தரக் குடியிருப்பை நிரூபிக்கும் நிபந்தனைகள் வைத்தார்கள். இத்தனைக்கும் நடுவில் 1947 தேர்தலில் பதுளைத் தொகுதியிலிருந்து எஸ்.எம். சுப்பையாவும் பண்டாரவளையிலிருந்து கே.வி. நடராஜாவும் பாராளுமன்றம் போனார்கள். 1952இல் தோட்டத் தமிழர் வாக்கில் தெரிவான ஒருவர்கூட அங்கே இல்லை. குடியுரிமை பறிபோன அதே 1948இல் தான் அரசாங்கப் படப்பிரிவும் தொடங்கியது. அதற்கு முதலில் பொறுப்பாயிருந்தவர் ஜூலியோ பெட்ரோனி என்ற இத்தாலியர். பின்னர் ரைட்டின் தலைமுறையைச் சேர்ந்த ரால்ஃப் கீன் என்ற ஆங்கிலேயர் வந்தார். கீனிடம் உதவியாளராகச் சேர்ந்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 1956இல் ‘ரேகாவ’ எடுத்தார். லெஸ்டரின் கலையை நான் உயர்வாக மதிக்கிறேன், நீங்களும் தேடிப் பாருங்கள். ஆனால் இலங்கையின் கலைப்படம் சிங்களக் கிராமத்தைத் தன் நிலமாகத் தேர்ந்துகொண்டபோது, அந்தத் தேர்வுக்குப் பின்னால் ‘சோங் ஒஃப் சிலோன்’ கிழித்த அதே கோடு மங்கலாகவேனும் இருந்தது என்றே நினைக்கிறேன். தீவின் உள்ளத்தைக் கெமரா தேடிப்போன பாதையில் லயம் வரவில்லை.

அடுத்து வரும் ஆட்சேபம் தொழில்நுட்பம் பற்றியது. அந்தக் காலத்தில் ஒலிப்பதிவுக் கருவிகள் லொறிப் பாரம்; அவற்றை மலைக்குக் கொண்டுபோக முடியாது; ரைட் கொண்டுவந்தது ஒலியில்லாத கெமரா; ஒலி முழுவதும் பின்னர் இங்கிலாந்தில் சேர்க்கப்பட்டது; ஆகவே தொழிலாளியின் குரல் இல்லாததற்கு அவரைக் குறை சொல்லலாமா? இது நேர்மையான வாதம், பாதி சரியும்கூட. மறுபாதிக்கு 1935ஆம் ஆண்டைப் பாருங்கள். அதே இயக்கத்தைச் சேர்ந்த ஆர்தர் எல்டனும் எட்கர் ஆன்ஸ்டியும், கிரியர்சனின் தங்கை ரூபியின் உதவியோடு, லண்டனின் ஸ்டெப்னி சேரிக்குள் அந்தப் பாரமான கருவிகளைக் கொண்டுபோய் ‘ஹவுசிங் ப்ரொப்ளம்ஸ்’ எடுத்தார்கள். பணம் கொடுத்தது எரிவாயுக் கம்பனிகளின் சங்கம். அவர்களுக்கும் விளம்பரமே நோக்கம். ஆனால் அந்தப் படத்தில் சேரி மக்கள் கெமராவைப் பார்த்துத் தங்கள் வாயாலேயே எலியையும் மூட்டைப்பூச்சியையும் ஒழுகும் கூரையையும் பற்றிச் சொல்கிறார்கள். 1936இல் ரைட்டே பங்குகொண்ட ‘நைட் மெயில்’ படத்தில் ரயில் பெட்டிக்குள் கடிதம் பிரிக்கும் தபால் ஊழியர்கள் தங்களுக்குள் பகிடி விடுகிறார்கள். பெட்டி ஓடும்போது ஒலிப்பதிவு சரிவராது என்பதால் ஸ்டூடியோவில் பெட்டியைப் போல ஓர் அரங்கு கட்டி, அதே ஊழியர்களை அதற்குள் நிறுத்திப் பேச வைத்தார்கள். பேச வைக்க வேண்டும் என்று நினைத்த இடத்தில் வழி கண்டுபிடிக்கப்பட்டது. கடல் தாண்டி இது கடினம்தான், செலவு பெரிதுதான். ஆனால் தோட்டத்தில் கருவி இல்லாவிட்டாலும் ஒரு தாளும் பென்சிலும் இருந்திருக்கும். மலையில் பாடிய ஒரு பாட்டை எழுதிக்கொண்டு போய் லண்டனில் ஒரு தமிழரைக் கொண்டு பாட வைத்திருக்கலாம். நொக்ஸுக்கு வென்ட் கிடைத்தது போல, கொழுந்துக்காரிக்கும் ஒருவர் கிடைத்திருப்பார்.

ரைட் அவளை மறந்துவிட்டார் என்றும் சொல்ல முடியாது. ‘கார்கோ ஃப்ரம் ஜமைக்கா’வில் வாழைக்குலைகளைத் தலையில் சுமந்து கப்பலுக்கு ஓடும் ஆட்களை அவர் காட்டியதையும், அதே குலைகள் லண்டன் துறைமுகத்தில் இயந்திரப் பட்டியில் சறுக்கி வருவதையும் அடுத்தடுத்துப் பாருங்கள், யார் பக்கம் அவர் நெஞ்சு இருந்தது என்பது விளங்கும். இலங்கைப் படத்திலும் அதே நெஞ்சுதான். கொழுந்து எடுக்கும் பெண்ணின் கைகளுக்குக் கெமரா காட்டும் மரியாதையை அந்தக் காலத்துப் பயணப் படங்களில் காண முடியாது. அப்படியானால் என்னதான் குறை? அனுதாபத்துக்குக் குறைவில்லை. அவள் வேலையைப் பற்றி வியாபாரி பேசுகிறான், தீவைப் பற்றி நொக்ஸ் பேசுகிறார், இரண்டையும் மோதவிட்டு இயக்குநர் பேசுகிறார். அவளுக்கு மட்டும் பேச்சில் முறை வரவில்லை. அந்த ஒலிப் பின்னலில் அவளுடைய சொந்தக் குரலாக ஓர் இழை சேர்ந்திருந்தால், வணிகத்தின் குரல்கள் என்ற பாகம் தேயிலை வணிகத்தைப் பற்றி எடுத்த படங்களிலேயே தலைசிறந்ததாக இருந்திருக்கும்.

அவளுக்குச் சொல்ல ஒன்றும் இருந்திருக்காது என்று மட்டும் யாரும் நினைத்துவிடக் கூடாது. ரைட் வந்த அந்தக் காலத்தில்தான் கோ. நடேசய்யர் அட்டனில் இருந்து தோட்டத் தொழிலாளருக்குச் சங்கம் நடத்தினார். அவருடைய மனைவி மீனாட்சி அம்மை தொழிலாளரின் துயரத்தைப் பாட்டாக எழுதி, கூட்டங்களில் தானே பாடினார். மலையில் கங்காணியை ஏசும் பாட்டும், கவ்வாத்துக் கத்தியைப் பற்றிய பாட்டும், விட்டுவந்த ஊரை நினைத்த பாட்டும் வாயிலிருந்து வாய்க்குப் போய்க்கொண்டிருந்தன, சி.வி. வேலுப்பிள்ளை பிறகு அவற்றைத் தேடித் தொகுத்தார். ஊவாவை எடுத்துக்கொண்டால், படம் வந்து ஆறே ஆண்டில், 1940இல், பதுளைக்கு அருகே வேவெஸ்ஸ தோட்டத்தில் வேலைநிறுத்தம் வெடித்தது. தொழிலாளர் தங்களுக்குள் ஒரு குழுவைத் தெரிவு செய்தார்கள், துரை அதனோடு கலந்து பேசி நடக்க ஒப்புக்கொள்ள வேண்டி வந்தது. அந்த மே மாதம் தடையையும் மீறிப் பதுளையில் பெரிய கூட்டம் நடந்தது. திரையில் ஊமையாய் நின்ற தலைமுறையே இது. இன்னுமொன்று: படம் வெளிவந்த அதே 1934இல், ஹாலிஎலவுக்குப் பக்கத்து ஊவாக்கட்டவளைத் தோட்டத்தில் ஒரு பிள்ளை பிறந்தது. பின்னர் தெளிவத்தைத் தோட்டத்தில் ஆசிரியராகி, தோட்டத்தின் பெயரையே தன் பெயருக்கு முன்னால் வைத்துக்கொண்ட தெளிவத்தை ஜோசப். ‘காலங்கள் சாவதில்லை’ நாவலிலும் ‘நாமிருக்கும் நாடே’ கதைகளிலும் லயத்து மனிதர் தங்கள் பேச்சிலேயே பேசுகிறார்கள். 1975இல் வி.பி. கணேசன் தயாரித்த ‘புதிய காற்று’ படத்துக்கு எழுதியவரும் அவரே. கலை நுட்பத்தில் ரைட்டுக்கு அருகில்கூட அந்தப் படத்தை வைக்க முடியாது என்று ஒருவர் சொன்னால் நான் மறுக்கமாட்டேன். ஆனால் தோட்டத்து ஆள் வாய் திறந்து தமிழில் தன் பிரச்சினையைச் சொன்னது அங்கேதான். இந்த இரண்டு படங்களும் உங்களுக்கு வேண்டும். கண்ணுக்கு ரைட், காதுக்கு ஜோசப்.

இனி இன்றைய நிலைமை. தெமோதரையின் ஒன்பது வளைவுப் பாலத்தையும், தம்பேதென்னைக்கு மேலே லிப்டன் சீட்டையும் ட்ரோன் கெமரா பிடிக்காத நாள் இல்லை. பாலத்தில் நீலநிற ரயில், இருபுறமும் பச்சை, பனி, பின்னணியில் ஒரு புல்லாங்குழல். நடுவில் இரண்டு நொடி, சிரிக்கும் ஒரு கொழுந்துக்கார அம்மா. அந்த அம்மாவுக்குப் பெயர் கிடையாது, எந்தத் தோட்டம், எந்த டிவிஷன் என்பது கிடையாது. லிப்டன் 1890இல் தம்பேதென்னையை வாங்கியது விளம்பரப் பலகையில் இருக்கிறது; அந்த மலையை வெட்டித் திருத்தியவர்களின் ஒரு பெயர்கூட அங்கே இல்லை. ரைட் காட்டிய நுட்பமும் இல்லாமல், அவருடைய குறை மட்டும் அப்படியே நமக்கு மிஞ்சியிருக்கிறது. இதன் மறுபக்கம் துயரச் செய்தி. 2014 ஒக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லந்தை மீரியபெத்தையில் லயங்கள் மண்ணுக்குள் புதைந்தபோது நாடெங்கிலும் இருந்து கெமராக்கள் வந்தன. அழும் முகங்கள் உலகம் முழுக்கப் போயின. ஆபத்து என்று முன்னரே எச்சரித்திருந்தும் ஏன் குடியிருப்புகள் மாற்றப்படவில்லை என்று அந்த மக்களே வரிசையாக எடுத்துச் சொன்னதை முழுதாக ஒலிபரப்பியவர்கள் சிலர்தான். 2025 நவம்பரில் டித்வா புயலோடு பதுளை மாவட்டத்தில் மண் சரிந்தபோதும் வெளியிலிருந்து வந்தவர்களுக்கு முகம் போதுமாயிருந்தது. அழகு என்றாலும் அவலம் என்றாலும் நாம் ஒரு படிமம். பேசுவது வேறு யாரோ.

“நாங்களும் ட்ரோன் எடுத்தால்தானே நாலு பேர் பார்க்கிறார்கள்? சுற்றுலாக்காரர் வந்தால்தானே எங்கள் ஊர்ப் பிள்ளைக்கும் வேலை?” என்று உங்களில் சிலர் கேட்பீர்கள். கேட்பதில் நியாயம் இருக்கிறது. அழகை எடுக்காதீர்கள் என்று நான் சொல்லவில்லை. நம் மலை அழகானது. அதை நாமே எடுக்காவிட்டால் வேறு எவன் எடுப்பான்? ரைட்டின் படம் தொண்ணூறு ஆண்டு தாண்டி நிற்பதும் அழகினாலேதான். அவர் எடுத்த பனியையும் ரயிலையும் கைகளையும் நீங்கள் அவரை விடவும் நன்றாக எடுக்க வேண்டும். அதற்கு அவரிடம் கற்க நிறைய இருக்கிறது: ஒரு வேலையின் தாளத்தைப் பிடிக்கும் வரை அவசரப்படாமல் நிற்பது, விளக்கவுரையால் படத்தை மூடிவிடாமல் இருப்பது, ஒலியைப் படத்தின் எடுபிடியாக வைக்காமல் அதற்குச் சமமாக நிறுத்துவது. இந்த மூன்றாவதை மட்டும் அவருக்கே எதிராகத் திருப்புங்கள். பாலத்தை ட்ரோனில் எடுங்கள். ஆனால் புல்லாங்குழலுக்குப் பதிலாக, அந்தப் பாதையில் வேலை செய்தவர்களின் பேரப்பிள்ளை ஒருவர் பேசட்டும். ஊவாப் பக்கத்தில் ஆடி, ஆவணியில் காய்ந்த காற்று வீசும் பருவத்தில் கிடைக்கும் தேயிலைக்கு உலகச் சந்தையில் தனி விலை உண்டு. அதைத் தேயிலைச் சுவைஞர் சொல்லிக் கேட்டிருக்கிறோம். அந்தப் பருவத்தில் கொழுந்து எப்படிக் குறையும், நிறுவையில் என்ன நடக்கும், எத்தனை கிலோ குறைந்தால் அரைப் பேர் (அரைநாள் சம்பளம்) போடுவார்கள் என்பதை மலையில் நிற்கும் அக்கா சொல்லிக் கேட்டதில்லை.

கடைசியாக ஓர் ஆட்சேபம், இதுதான் எனக்குக் கனமாகப் படுகிறது: எல்லோரையும் பேச வைக்கிறோம் என்று போய், கஷ்டத்தைச் சொல்லச் சொல்லி, அழ வைத்து அதை விற்கிறோமே, இது பேச விடாமல் இருப்பதைவிட மோசம் இல்லையா? ஆம், மோசம்தான். குரல் என்பது வாக்குமூலம் வாங்குவது அல்ல. கொழுந்துக்காரி தன் கஷ்டத்தை மட்டுமே பேச வேண்டும் என்று யார் சொன்னது? அவளுக்குப் பகிடி தெரியும், வைத்தியம் தெரியும், கூத்தில் ரதி வேஷம் கட்டியவர் யார், யாருடைய தப்புக்கு மலை அதிரும் என்பது தெரியும், எந்த மலையில் எந்த வருஷம் கன்று நட்டது என்பது துரையைவிட நன்றாகத் தெரியும். அவளை உங்கள் படத்தின் விளக்கவுரையாளராக ஆக்குங்கள். வென்ட் உட்கார்ந்த நாற்காலி அது. எதைப் பேசுவது, எதை வெட்டுவது என்பதிலும் அவளுக்கு ஒரு சொல் இருக்கட்டும். வெளியிடுவதற்கு முன் அவளுக்குப் போட்டுக் காட்டுங்கள். வேண்டாம் என்றால் எடுத்துவிடுங்கள்.

எடுப்பதைப் பத்திரப்படுத்துவதும் இதோடு சேர்ந்த வேலை. 1934இல் அந்த மலையில் நின்ற பெண்களின் பெயரை யாரும் குறித்து வைக்கவில்லை. செக்ரோல் என்ற சம்பளப் பதிவேட்டில் இருந்த பெயர்களும் தோட்டம் கைமாறக் கைமாறத் தொலைந்தன. நீங்கள் எடுக்கும் ஒவ்வொரு பதிவுக்கும் திகதி, தோட்டம், டிவிஷன், பேசியவர் சம்மதித்தால் அவர் பெயர், அவர் பேசியதன் எழுத்து வடிவம் ஆகியவற்றைக் கூடவே வையுங்கள். ஒரு பிரதி பாடசாலை நூலகத்துக்கு, ஒரு பிரதி பேசியவர் வீட்டுக்கு. இலங்கைத் தமிழ் ஆவணங்களை எண்ணிம வடிவில் சேர்த்துவரும் நூலகம் நிறுவனத்துக்கும் கொடுக்கலாம். வேலையைத் தொடங்க இந்த ஆண்டு காமன் கூத்து நல்ல வாய்ப்பு: கம்பம் நடும் நாளிலிருந்து எரிக்கும் இரவு வரை கூடவே இருங்கள்; முதல் நாள் மட்டும் கெமராவைப் பையிலேயே வைத்துவிட்டு, ஒலியை மட்டும் பதிவு செய்யுங்கள். தப்பையும், பாடுகிறவரையும், சுற்றி நின்று அவர் விட்ட அடியைத் திருத்துகிற கிழவிகளையும். படம் எங்கே தொடங்க வேண்டும் என்பதை அந்தப் பதிவைக் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

அன்புடன்,
ஊவாவிலிருந்து ஒருவர்